பால்காரம்மாவுக்கு ஓட்டுப் போட்ட ஊர்கள்

வேட்பு மனு நிரப்பிய அன்று, 'தொழில்' என்று இருந்த இடத்தில் கட்சி வழக்கறிஞர் பேனாவை நிறுத்திவிட்டு என்னைப் பார்த்தார்.

"விவசாயம்னு போட்டுடலாமாம்மா?"

"நெலம் எங்க வூட்டுக்காரர் பேருல இருக்கு சார். நான் மாடுதான் வச்சிருக்கேன். அதையே போடுங்க."

"எல்லாரும் விவசாயம்னுதாம்மா போடுவாங்க. கேக்கவும் நல்லா இருக்கும்."

"கேக்க நல்லா இருக்கட்டும்னா எழுதுறோம்? செய்யிறதை எழுதுங்க."

அவர் சிரித்துக்கொண்டே 'கறவை மாடு வளர்ப்பு' என்று எழுதினார். அதன் கீழேதான் கையெழுத்துப் போட்டேன். இன்று சட்டமன்றத்தில் என் முன்னால் ஒரு மைக் இருக்கிறது. என் பெயருக்கு முன்னால் 'மாண்புமிகு' என்று சொல்கிறார்கள். ஊரில் மட்டும் இன்னும் பால்காரம்மாதான்.

நான் பிறந்தது வாலிகண்டபுரம் பக்கம். கட்டிக்கொடுத்தது பெரம்பலூருக்கும் அரியலூருக்கும் இடையில் ஒரு கரிசல் காட்டு ஊரில். பருத்தியும் மக்காச்சோளமும்தான் எங்கள் பிழைப்பு. மக்காச்சோளத்தில் படைப்புழு விழுந்த வருஷம், கதிர் பிடித்த கொல்லைக் காடு முழுவதும் சல்லடையாகிப் போனது. என் வீட்டுக்காரர் வரப்பில் உட்கார்ந்து ஒரு சோளத்தட்டையை ஒடித்துப் பார்த்துக்கொண்டே இருந்தார்.  நான் பஸ் ஏறி அம்மா வீட்டுக்குப் போனேன். அங்கே கட்டிக் கிடந்த ஒரு ஜெர்சிக் கிடாரியைக் கேட்டு வாங்கி, மினி லாரியில் ஏற்றிக்கொண்டு வந்தேன். செவலை நிறம். அதனால் பெயரும் செவலை என்றே ஆகிவிட்டது.

புழு தின்ற தட்டையைச் செவலை தின்றது. இரண்டு வருஷத்தில் அது எங்களைத் தூக்கி நிறுத்தியது. அப்புறம் இன்னொன்று, இன்னும் ஒன்று என்று ஏழு மாடு ஆனது. இந்த வேலையில் எனக்குத் துணை என் நாத்தனார். கட்டிய இடத்தில் ஒத்துவராமல் திரும்பி வந்து, எங்கள் வீட்டை ஒட்டி ஒரு அறை போட்டுக்கொண்டு தனியாக இருந்தாள். வாய் கொஞ்சம் நீளம். ஆனால் அவள் கை மடியில் பட்டால் எந்த மாடும் காலைத் தூக்காது. நான் தீவனம் போட்டுச் சாணி வாருவேன். அவள் தண்ணீர் காட்டுவாள். கறவையை இரண்டு பேரும் பங்கு போட்டுக்கொள்வோம். காலையிலும் மாலையிலும் எங்கள் ஊர்ப் பால் சொசைட்டியில் கேனை வைத்துவிட்டு வருவோம். ஊரில் பாதி வீடுகளுக்கு அதுதான் அடுப்பெரிய வழி.

அந்த வழியை அடைத்தது லாரிதான்.

சிமெண்ட் ஆலைக்குச் சுண்ணாம்புக்கல் ஏற்றிய லாரிகள் எங்கள் ஊருக்குள் குறுக்கே புகுந்து போகத் தொடங்கின. சுற்றுப் பாதையில் போனால் அவர்களுக்குத் தூரம் அதிகம். எங்கள் ரோடோ மாட்டுவண்டியும் மொபெட்டும் போகப் போட்டது. ஆறே மாதத்தில் தார் பிய்ந்து, பள்ளம் பள்ளமாகி, குளம் குளமாகத் தண்ணீர் நின்றது. கோடையில் அதே பள்ளத்திலிருந்து புழுதி கிளம்பிப் புல்லின் மேல் வெள்ளையாகப் படிந்தது. மாடு முகர்ந்து பார்த்துவிட்டு முகத்தைத் திருப்பிக்கொள்ளும். ஒரு நாள் பால் வண்டி பள்ளத்தில் இறங்கி அச்சு முறிந்தது. டிரைவர் இறங்கி வந்து சொன்னான்.

"இனிமே நான் ஊருக்குள்ள வர மாட்டேங்க. மெயின் ரோட்டுக்குக் கொண்டாந்து குடுங்க."

மெயின் ரோடு மூன்று கிலோமீட்டர். சித்திரை வெயிலில் கேனைச் சைக்கிளிலும் தலையிலும் கொண்டுபோய்ச் சேர்ப்பதற்குள் பால் முறிந்துவிடும். வண்டிக்காரன் மூடியைத் திறந்து முகர்ந்து பார்த்து, தலையை ஆட்டி, கேனைத் திருப்பித் தருவான். திருப்பிக் கொண்டுவரும் கேன்தான் ரொம்பக் கனக்கும்.

கலெக்டர் ஆபீசில் திங்கட்கிழமை தோறும் மனு வாங்குவார்கள். நானும் நாத்தனாரும் போய் மனுக் கொடுத்தோம். மறுபடி போனோம். மூன்றாம் தடவை போனபோது அங்கே மனு எழுதித் தருகிறவர் எங்களைப் பார்த்ததுமே கேட்காமல் எழுதத் தொடங்கிவிட்டார். பதில் வந்தது: பரிசீலனையில் உள்ளது.

வைகாசி தொடக்கத்தில் ஒரு காலை. ஊர்ப் பால் மொத்தமும் திரும்பி வந்தது. பெண்கள் சொசைட்டி வாசலிலேயே உட்கார்ந்துவிட்டார்கள். சிலர் முறிந்த பாலை வாய்க்காலில் ஊற்றினார்கள். என் நாத்தனார் மட்டும் ஊற்றவில்லை. கேனைப் பிடித்துக்கொண்டு என்னைப் பார்த்து, "என்ன அண்ணி பண்ணப் போறோம்?" என்றாள்.

எனக்கு முன்கூட்டி யோசனை எதுவும் இல்லை. வாயில் வந்ததைச் சொன்னேன்.

"வண்டி மாட்டுக்கிட்ட வரலேன்னா, மாடு வண்டிக்கிட்ட போவட்டும். நாளைக்கு மெயின் ரோட்டுலயே வச்சுக் கறப்போம்."

மறுநாள் விடியும்போது முப்பதுக்கு மேற்பட்ட மாடுகள் மெயின் ரோட்டில் நின்றன. லாரிகள் எங்கள் ஊருக்குள் திரும்புகிற அந்த முக்கில்தான் நிறுத்தினோம். ஓரத்தில் முளை அடித்துக் கட்டினோம். கட்ட இடம் போதாததால் சில மாடுகள் ரோட்டின் நடுவிலேயே நின்றன. தார் இரவுக் குளிர்ச்சியோடு இருந்ததால் இரண்டு மாடுகள் சுகமாகப் படுத்தே விட்டன. நாங்கள் முக்காலியைப் போட்டு உட்கார்ந்து கறக்கத் தொடங்கினோம்.

முதல் லாரி வந்து நின்றது. அதன் பின்னால் இன்னொன்று. கொஞ்ச நேரத்தில் கண்ணுக்கெட்டிய தூரம் வரை லாரி.

முன்வண்டி டிரைவர் இறங்கி வந்தார். நடுத்தர வயது. கோபமாகத்தான் வந்தார். இத்தனை பெண்களையும் மாடுகளையும் பார்த்ததும் குரல் இறங்கிவிட்டது.

"யக்கா, லோடு எறக்கணும்க்கா. வழிய விடுங்க."

"டீ குடிச்சிட்டீங்களா?" என்று கேட்டாள் என் நாத்தனார்.

அவருக்குப் புரியவில்லை. அவள் ஏற்கெனவே மூன்று கல்லை வைத்து அடுப்பு மூட்டி, கல்யாணத்துக்கு வைக்கிற பெரிய தவலையை ஏற்றியிருந்தாள். கறந்த பாலை அதில் ஊற்றினாள். லாரிகள் அடைத்துக்கொண்டதில் பால் வண்டி வர வழியில்லை, எப்படியும் முறியப்போகிற பால்தானே. டிரைவர்களும் கிளீனர்களும் வரிசையாக வந்து டம்ளரை வாங்கிக்கொண்டு ரோட்டோரம் குந்தினார்கள். இரண்டாவது டம்ளர் குடிக்கும்போது அந்த முன்வண்டிக்காரர் சொன்னார்:

"இந்த ரோட்டுல ஓட்ட எங்களுக்கு மட்டும் ஆசையாக்கா? வாரத்துக்கு ஒரு ஸ்பிரிங் பட்டை ஒடையுது. சுத்துப் பாதையில போவச் சொன்னா சந்தோசமாப் போவோம். எங்க ஓனருங்க கேக்கணுமே."

இதற்குள் போலீஸ் ஜீப் வந்துவிட்டது. இன்ஸ்பெக்டர் இறங்கி லாரிகளைப் பார்த்தார், மாடுகளைப் பார்த்தார், டீ குடிக்கிற டிரைவர்களைப் பார்த்தார்.

"யாரு இதுக்குத் தலைவரு?"

யாரும் அப்படி ஒருவரைப் போட்டுக்கொண்டு வரவில்லை. ஆனால் அவர் கேட்டதும் எல்லாப் பெண்களும் திரும்பி என்னைப் பார்த்தார்கள். என் முதல் தேர்தல் அதுதான் என்று இப்போது தோன்றுகிறது.

"மாட்டை ஓட்டிட்டுப் போங்கம்மா. இல்லேன்னா கேஸ் போட்டுருவேன்."

"போடுங்க சார். ஆனா பாதிக் கறவையில எழுப்பக் கூடாதுங்க. மடி வீங்கிடும். கறந்து முடிச்சிடுறோம், அப்புறம் எங்க வேணாலும் கூப்புடுங்க."

 அவர் வீட்டிலும் மாடு இருந்திருக்க வேண்டும். ஜீப்பில் சாய்ந்துகொண்டு நின்றார். நாத்தனார் அவருக்கும் ஒரு டம்ளர் நீட்டினாள். முதலில் வேண்டாம் என்றார். அப்புறம் வாங்கிக்கொண்டார்.

வெயில் ஏறும்போது கோட்டாட்சியர் வந்தார். லாரிகள் இனி சுற்றுப் பாதையில்தான் போகும், ரோடு இரண்டு மாதத்தில் போடப்படும் என்று வாயால் சொன்னார். நான் கேனை மூடிக்கொண்டே, "எழுதிக் குடுத்துடுங்க சார்" என்றேன்.

"நான் சொன்னா நம்ப மாட்டீங்களா?"

"உங்களை நம்புறோம் சார். நாளைக்கு உங்களை வேற ஊருக்கு மாத்திட்டா? அடுத்து வர்றவருக்குக் காட்ட எங்ககிட்ட ஒரு பேப்பர் வேணும்ல?"

அவர் ஒரு லாரியின் பம்பர் மேல் காகிதத்தை வைத்து எழுதிக் கையெழுத்துப் போட்டார். கைதட்டியதில் முதல் ஆள் அந்த லாரி டிரைவர். ஆடி முடிவதற்குள் புது ரோடு வந்தது. பால் வண்டி மறுபடி ஊருக்குள் வந்த அன்று, என் நாத்தனார் அதன் முன்கண்ணாடிக்குச் சந்தனப் பொட்டு வைத்தாள். டிரைவருக்கு வெட்கம். "பார்த்து ஓட்டணும், இப்ப நீ மாப்பிள்ளை" என்றாள்.

அதன் பிறகு எந்த ஊரில் எது நடந்தாலும் ஆட்கள் எங்கள் கொட்டகை வாசலுக்கு வரத் தொடங்கினார்கள். ரேஷன் கார்டு, முதியோர் பென்ஷன், தெரு விளக்கு. சாணி வாருகிற கையோடு கேட்டுக்கொள்வேன். கழுவிவிட்டு அவர்களோடு ஆபீசுக்குப் போவேன். உள்ளாட்சித் தேர்தல் வந்தபோது ஒரு கட்சியின் ஒன்றியச் செயலாளர் வீட்டுக்கு வந்து, ஒன்றியக் கவுன்சிலருக்கு நிற்கச் சொன்னார். நான் வீட்டுக்காரரைப் பார்த்தேன். அவர் அதிகம் பேசுகிறவர் இல்லை.

"என்னங்க சொல்றீங்க?"

"நான் என்ன சொல்றது? இப்பவே நீ அதுதான பண்ற. சம்பளமில்லாம பண்றதைச் சட்டப்படி பண்ணு."

ஜெயித்தேன். ஐந்து வருஷம் கவுன்சிலராக இருந்ததில் பெரிய சாதனை என்று சொல்லிக்கொள்ள மாட்டேன். ஆனால் எங்கள் வார்டில் மாட்டுத் தண்ணித் தொட்டி இல்லாத ஊர் கிடையாது. பால் சொசைட்டிக்குக் குளிர்விக்கிற தொட்டி வந்தது. பெண்கள் பாலை ஊற்றுகிற இடத்தில் மேற்கூரை வந்தது.  கூட்டத்தில் பேசி முடித்த பிறகுதான் உட்கார்ந்திருக்கிறேனா நிற்கிறேனா என்றே தெரியும். அப்படியே பழகியது.

சட்டமன்றத் தேர்தலுக்கு என் பெயர் வரும் என்று நான் நினைக்கவில்லை. சீட்டுக் கேட்டுப் பெரிய ஆட்கள் பலர் சென்னையில் போய்க் காத்துக் கிடந்தார்கள். நான் விருப்ப மனுக் கொடுத்ததே ஒன்றியச் செயலாளர் வற்புறுத்தியதால்தான். வேட்பாளர் பட்டியல் வந்த மதியம் நான் தட்டை வெட்டும் மிஷினில் நின்றுகொண்டிருந்தேன். அந்த இரைச்சலில் ஒன்றும் கேட்காது. நாத்தனார் தன் அறையிலிருந்து கத்திக்கொண்டே ஓடி வந்தாள். வாய் அசைவது மட்டும் தெரிந்தது. மாட்டுக்குத்தான் ஏதோ ஆகிவிட்டது என்று பதறி மிஷினை நிறுத்தினேன்.

"அண்ணி, டிவியில ஒம் பேரு ஓடுது!"

"எதுக்கு?"

"எம்மெல்லேவுக்கு!"

நான் கையிலிருந்த தட்டைக் கட்டை அப்படியே மாட்டுக்கு முன்னால் போட்டுவிட்டு, வெட்டாமல் போட்டுவிட்டோமே என்று மறுபடி எடுத்தேன். எடுத்து என்ன செய்வதென்று தெரியாமல் நின்றேன். நாத்தனார் அதைப் பிடுங்கி வைத்துவிட்டு என்னைக் கட்டிக்கொண்டாள்.

பிரச்சாரத்துக்குப் போனால் மாட்டை யார் பார்ப்பது? என் வீட்டுக்காரர் உழுவார், களை எடுப்பார், மருந்தடிப்பார். ஆனால் அதுவரை காம்பைத் தொட்டதில்லை. நாத்தனாரோ பாதி நாள் என்னோடு வேனில். எனவே அவர் கறக்கக் கற்றுக்கொள்ள வேண்டியதாயிற்று. முதல் நாளே ஒரு மாடு எத்தி, வாளியும் அவரும் ஆளுக்கொரு பக்கம் கிடந்தார்கள். எழுந்து வேட்டியைத் தட்டிக்கொண்டே, "ஒனக்கு ஓட்டுப் போடுறதுக்கு இதுங்களைக் கொண்டுபோயிராத, ஒண்ணுகூட விழாது" என்றார். ஒரு வாரத்தில் நன்றாகவே கறந்தார்.

கல்லங்குறிச்சிப் பெருமாள் கோயில் வாசலில் பிரச்சாரத்தைத் தொடங்கினேன். கதிரையும் கன்றையும் நேர்ந்துவிட்டு வருகிற விவசாயிகள் எப்போதும் நிற்கிற இடம் அது. காலையில் கொல்லைக்குப் போகிறவர்களைப் பிடிக்க விடியும் முன்பே கிளம்புவோம். வேனில் நிற்பதைவிட இறங்கி நடப்பதுதான் எனக்கு வந்தது. ஒவ்வொரு ஊரிலும் கொட்டகை தெரிந்தால் உள்ளே நுழைந்துவிடுவேன். மாடு எத்தனை மாதச் சினை, எந்தக் காம்பில் பால் குறைகிறது என்று பேசிக்கொண்டிருப்பேன். கூட வந்த கட்சிக்காரர்கள் வாட்சைப் பார்ப்பார்கள். வீட்டுக்காரப் பெண்கள் நான் போகும்போது, "ஓட்டு ஒனக்குத்தான், போ" என்பார்கள்.

எதிர்த்தரப்பு மேடையில் ஒருவர் பேசினார்: "சாணி அள்ளுற பொம்பளைக்குச் சட்டசபையில என்ன வேலை?" மறுநாள் அதே ஊரில் நான் பேச வேண்டியிருந்தது. கூட்டம் நான் அழுவேனா, திட்டுவேனா என்று பார்த்துக்கொண்டிருந்தது.

"அவரு சொன்னது பொய்யில்லைங்க. இன்னைக்குக் காலையிலயும் அள்ளிட்டுத்தான் வந்தேன். அவரு வூட்டுல தென்னங்கன்னு வச்சிருக்காராம். எருவு வேணும்னா சொல்லச் சொல்லுங்க, ஒரு டிராக்டர் அனுப்பிவைக்கிறேன்."

சிரிப்பு அடங்க ரொம்ப நேரம் ஆனது. அதற்குப் பிறகு அந்தப் பேச்சை அவர்கள் எங்கும் எடுக்கவில்லை.

பிரச்சாரம் உச்சத்தில் இருந்தபோது ஒரு நாள் ரெட்டிபாளையத்தில், சிமெண்ட் ஆலைக்கு வேலைக்குப் போகிறவர்கள் ஷிப்ட் மாறுகிற நேரத்தில் பேசினேன். நானும் நாத்தனாரும் மூன்று நாளாக அந்தப் பக்கமே தங்கியிருந்துவிட்டு, மறுநாள் மதியம்தான் சாப்பாட்டுக்கு வீட்டுப் பக்கம் வந்தோம். கொட்டகையில் என் வீட்டுக்காரர் உட்கார்ந்திருந்தார். மாடுகளை எண்ணினேன். ஆறுதான் நின்றது.

"ஏங்க, செவலை எங்க?"

அவர் என்னைப் பார்க்கவில்லை.

"முந்தாநாத்து கன்னு போட்டுச்சு. நல்லாத்தான் இருந்துச்சு. நேத்து காலையில படுத்தது எந்திரிக்கல. கழுத்தைத் திருப்பி விலாவுல வச்சுக்கிச்சு. அசதியில தூங்குதுன்னு நெனைச்சேன்."

எனக்கு அங்கேயே தெரிந்துவிட்டது. நிறையக் கறக்கிற மாடுகளுக்குக் கன்று ஈன்ற கையோடு வருகிற பால் சுரம். உடம்பில் இருக்கிற சுண்ணாம்புச் சத்தெல்லாம் பாலுக்கு இறங்கிவிடும். நேரத்தில் நரம்பில் கால்சியம் ஏற்றினால் அரை மணியில் எழுந்து நிற்கும். ஏற்றாவிட்டால் போய்விடும்.

"டாக்டருக்குப் போன் பண்ணலையா?"

"பண்ணினேன். அவரு மூணு ஆஸ்பத்திரிக்குப் பொறுப்பாம். அன்னைக்குத் தூரத்துல இருந்தாரு. சாயங்காலம்தான் வர முடியும்னாரு. மத்தியானமே போயிருச்சு."

"எனக்கு ஏன் சொல்லல?"

"நீ ரெட்டிபாளையத்துல அத்தனை பேரு முன்னால பேசிக்கிட்டு நிக்கிற. எப்படி அதை உங்கிட்டச் சொல்றது?"

அவர் மேல் கோபப்பட முடியவில்லை. கன்று ஒரு மூலையில் நின்றது. செவலையின் நிறமே. நாத்தனார் அதற்குள் பாட்டிலில் வேறு மாட்டுப் பாலை ஊட்டத் தொடங்கியிருந்தாள். நான் தரையில் உட்கார்ந்து அழுதேன். இனி எங்கும் வரவில்லை, வேனைத் திருப்பி அனுப்பிவிடு என்றேன். எங்களைத் தூக்கி நிறுத்திய மாடு. நான் வீட்டில் இருந்திருந்தால் பார்த்த மாத்திரத்தில் கண்டுபிடித்திருப்பேன். பெரம்பலூர் டவுனிலிருந்து யாரையாவது பைக்கில் கூட்டி வந்திருப்பேன்.

நாத்தனார் பாட்டிலைக் கீழே வைத்தாள்.

"நீ இருந்திருந்தா பொழச்சிருக்கும், நெசந்தான் அண்ணி. ஆனா எல்லார் வூட்டுலயும் நீ இருக்க முடியுமா? டாக்டர் இருக்கணும். அதைப் போயி வாங்கு. எழுந்திரு, மூஞ்சியக் கழுவு."

எழுந்தேன். கழுவினேன். அன்று சாயங்காலம் பேசிய ஊரில் ரோடு, தண்ணீர், விளக்கு எதையும் சொல்லவில்லை. நேற்று என் மாடு எப்படிச் செத்தது என்று மட்டும் சொன்னேன். கூட்டத்தில் முன்வரிசையில் நின்ற ஒரு பெரியவர் துண்டால் கண்ணைத் துடைத்தார். பின்னால் நின்ற ஒரு பெண், "போன மாசம் எங்க வூட்டுலயும் இப்படித்தான்" என்று கத்தினாள். அடுத்த ஊரிலும் ஒரு குரல் வந்தது. அதற்கடுத்த ஊரிலும். தேர்தல் முடியும்வரை என் பேச்சு அது ஒன்றுதான்.

ஓட்டு எண்ணிய அன்று முதல் சில சுற்றுகளில் பின்னால் இருந்தேன். கட்சிக்காரர்கள் என் பக்கம் வராமல் தள்ளித் தள்ளி நின்றார்கள். நாத்தனார் மட்டும் என் பக்கத்தில் உட்கார்ந்து வெற்றிலையை மென்றுகொண்டிருந்தாள். மதியத்துக்கு மேல் கிராமத்துப் பெட்டிகள் வந்தன. வித்தியாசம் குறைந்தது. அப்புறம் சமம். அப்புறம் ஒரே ஏற்றம்தான். கடைசிச் சுற்று முடியும்போது வெளியே வெடி கிளம்பிவிட்டது. தேர்தல் அதிகாரி சான்றிதழைக் கொடுத்தார். அதைப் புடவைத் தலைப்பில் சுற்றிக்கொண்டு வீட்டுக்குப் போன் போட்டேன்.

"ஜெயிச்சுட்டேங்க."

"சரி சரி, கறந்துகிட்டு இருக்கேன், அப்புறம் பேசு."

போன் கட் ஆனது. அடுத்த நிமிஷமே அவரே கூப்பிட்டார்.

"இப்ப என்ன சொன்ன?"

"ஜெயிச்சுட்டேன்னேன்."

அந்தப் பக்கம் வாளியைக் கீழே வைக்கிற சத்தம் கேட்டது. மாடு ஒன்று கத்தியது. அப்புறம், "வா, வூட்டுக்கு வா" என்றார். வருகிற வழியில் மெயின் ரோட்டில் எதிரே வந்த லாரிகள் எல்லாம் ஹாரனை அழுத்திக்கொண்டே போயின. ஊர் எல்லையில் இறக்கி, பெண்கள் என்னை நடக்கவே விடவில்லை. எங்கள் ஊரில் ஒரு பெண்ணைத் தூக்கிக்கொண்டு போவதை நான் பார்த்தது அதுதான் முதல் தடவை. தூக்கப்பட்டது நான்.

சென்னை எனக்குச் சுலபமாக இல்லை. எம்.எல்.ஏ. விடுதி அறையில் பால் பாக்கெட்டைப் பிரித்துக் காய்ச்சிக் குடித்தபோது, தண்ணீரைக் குடித்தது போலிருந்தது. சபையில் முதல் சில நாள் கைதட்ட வேண்டிய இடத்தில் தட்டி, எழுந்து நிற்க வேண்டிய இடத்தில் நின்று, மற்றவர்களைப் பார்த்துப் பார்த்துச் செய்தேன். கேள்வி நேரத்தில் கால்நடை மருத்துவமனைகள் பற்றிய கேள்வி வந்த அன்று, துணைக் கேள்வி கேட்க எனக்கு வாய்ப்புக் கிடைத்தது. என் தொகுதியில் ஒரே டாக்டர் மூன்று மருந்தகங்களைப் பார்க்கிறார், எப்போது ஆள் போடுவீர்கள் என்று கேட்டேன். அமைச்சர் எழுந்தார். என் கட்சிக்காரர்தான்.

"காலிப் பணியிடங்கள் படிப்படியாக நிரப்பப்படும்."

உட்கார்ந்துவிட்டார். அடுத்தவரை அழைக்கப் பேரவைத் தலைவர் வாயெடுத்தார். நான் உட்காரவில்லை. உட்கார வேண்டும் என்பதே மறந்துவிட்டது.

"அய்யா, மாடு படிப்படியா சாவாதுங்க. காலையில படுத்தா மத்தியானம் போயிடும்."

முதலில் சிரித்தார்கள். அப்புறம் சிரிப்பு நின்றது. எதிர்க்கட்சி வரிசையில் ஒருவர் மேசையைத் தட்டினார். எங்கள் வரிசையிலும் ஒருவர் தட்டினார். பிறகு எல்லாப் பக்கமும். சொந்தக் கட்சி அமைச்சரையே மடக்கிவிட்டோமே என்று அப்போதுதான் உறைத்து உட்கார்ந்தேன். சபை கலைந்ததும் அவர் தன் அறைக்குக் கூப்பிட்டனுப்பினார். திட்டு வாங்கத் தயாராகத்தான் போனேன்.

"என்னம்மா, நம்ம ஆளே என்னைய இப்படி நிக்க வச்சுட்டீங்க?"

"மன்னிச்சுக்கங்க அய்யா. மாட்டுப் பேச்சு வந்தா எனக்கு முன்ன பின்ன தெரியாது."

"எந்தெந்த ஊருன்னு எழுதிக் குடுங்க" என்றார். எழுதி வைத்த தாளை மடியிலிருந்து எடுத்தேன். அவர் அதைப் பார்த்துவிட்டுச் சிரித்தார்.

சில மாதம் ஓடி ஓடி, மூன்று ஊருக்கும் மூன்று டாக்டர்களுக்கு உத்தரவு வந்தது. எங்கள் ஊருக்குப் பக்கத்து மருந்தகம் பாழடைந்து கிடந்தது. அதையும் புதிதாகக் கட்டினோம். வந்த டாக்டர் ஒரு இளம்பெண். திறப்பு விழாவுக்கு அதிகாரிகள், கட்சிக்காரர்கள், மேளம், வாசலில் சிவப்பு ரிப்பன், தட்டில் கத்தரிக்கோல். நான் பட்டுப் புடவையில் இருந்தேன். அதிகாரி ஒருவர் நல்ல நேரத்துக்காக வாட்சைப் பார்த்துக்கொண்டிருந்தபோது குட்டியானை என்று சொல்கிற ஒரு மினி லாரி வேகமாக வந்து நின்றது. மேலே ஒரு மாடு, பிடித்துக்கொண்டு ஒரு பெண். மூச்சு வாங்கச் சொன்னாள்.

"கன்னு திரும்பிக் கெடக்குதுங்க. கால் மட்டும் வெளியில வந்துட்டுது. காலையிலேருந்து முக்குது."

டாக்டர் என்னைப் பார்த்தாள். அதிகாரி, "ரெண்டு நிமிஷம், ரிப்பனை மட்டும் வெட்டிட்டு" என்றார்.

"மாட்டை எறக்குங்க" என்றேன்.

இறக்கியதும் அது நேராக வாசலுக்கு நடந்தது. ரிப்பன் அதன் நெஞ்சில் பட்டு இழுபட்டு, ஆணியோடு பிய்ந்து வந்தது. மேளக்காரர்கள் சம்பிரதாயம் தெரிந்தவர்கள், கொட்டத் தொடங்கிவிட்டார்கள். உள்ளே டாக்டர் தோள்வரை உறை மாட்டிக்கொண்டு கையை விட்டுக் கன்றைத் திருப்பினாள். நான் புடவையைத் தூக்கிச் சொருகிக்கொண்டு மாட்டின் தலையைப் பிடித்துக்கொண்டேன். நாத்தனார் கன்றின் காலில் கட்டிய கயிற்றை இழுத்தாள். மாட்டுக்காரப் பெண் சாமியெல்லாம் கூப்பிட்டுக்கொண்டிருந்தாள்.

"இப்ப, அது முக்கும்போது இழுங்க" என்றாள் டாக்டர்.

கன்று வழுக்கிக்கொண்டு வெளியே வந்து புது சிமெண்ட் தரையில் விழுந்தது. அசையவில்லை. டாக்டர் அதன் மூக்கைத் துடைத்து, வைக்கோலால் விலாவைத் தேய்த்தாள். தேய்த்தாள், தேய்த்தாள். அது ஒரு தும்மல் போட்டது.

வெள்ளை வேட்டிகளெல்லாம் ஜன்னலில் எட்டிப் பார்த்துக்கொண்டிருந்தன. யாரோ கைதட்டினார்கள். மாட்டுக்காரப் பெண் டாக்டரின் கையைப் பிடித்துக்கொண்டு விடவே இல்லை. அதிகாரி இன்னும் கத்தரிக்கோல் தட்டோடு நின்றுகொண்டிருந்தார்.

"பொட்டைக் கன்னுங்க, கெடேரி" என்றாள் டாக்டர், கன்றின் வாலைத் தூக்கிப் பார்த்துவிட்டு.